தகடு எழுதுகிறவர்களைக் கதைக்குள் குடிவைப்பது எப்படி

எங்கள் வீட்டு அடுக்களையில் ஒரு எவர்சில்வர் தூக்குவாளி இருக்கிறது. கழுத்தில் 'வல்லி' என்று வெட்டியிருக்கும். 'வள்ளி' என்று இருந்திருக்க வேண்டும். அதை வெட்டியது நான்தான், 13 வயதில். வத்தலக்குண்டில் ஒரு பாத்திரக்கடைத் திண்ணையில் உட்கார்ந்து அப்பா பேர் வெட்டிக்கொண்டிருந்த காலம் அது. வைகாசி முகூர்த்தக் கூட்டம். அவர் சாப்பிட எழுந்த நேரத்தில் நான் சிற்றுளியைக் கையில் எடுத்துவிட்டேன். திரும்பி வந்து பார்த்தவர் திட்டவில்லை. "எவர்சில்வர்ல விழுந்த புள்ளி திரும்பாது தாயி. இனி இது நம்ம வீட்டு வாளி" என்றார். வாளியின் விலை அந்த வாரக் கூலியில் கழிந்தது.

கல்யாணமாகி கொடைக்கானல் மலையேறி பண்ணைக்காட்டுக்கு வந்தபோது அந்த வாளியையும் கொண்டுவந்தேன். இங்கே எங்களுக்குக் கொஞ்சம் காப்பித் தோட்டம். சனிக்கிழமை சாயங்காலம் பக்கத்து வீட்டுப் பிள்ளைகள் வந்து திண்ணையில் உட்காருவார்கள், நான் கதை சொல்லுவேன். அப்படித் தொடங்கிய ஒரு கதை நான்கு வருஷமாக ஓடிக்கொண்டிருக்கிறது. செப்புத் தகட்டில் மந்திரக் குறி வெட்டுகிற ஒரு கூட்டத்தின் கதை. கீற்றுக்காரர்கள் என்று அவர்களுக்குப் பேர் வைத்திருக்கிறேன். முழுக்க என் கற்பனை. ஆனால் அந்தப் பிள்ளைகள், கீற்றுக்காரர் வீடு எந்தத் தெருவில் இருக்கிறது என்று இன்னும் கேட்கிறார்கள். இதே மாதிரி ஒரு கூட்டத்தைத் தங்கள் கதையில் கொண்டுவர விரும்புகிறவர்களுக்காக, நான் செய்த விதத்தை இங்கே எழுதுகிறேன்.

குறிக்கு என்ன சக்தி என்று யோசிப்பதை முதலில் தள்ளிப்போடுங்கள். நெருப்பைக் கக்கட்டும், புலியை நிறுத்தட்டும், அதெல்லாம் அப்புறம். எதன்மேல் வெட்டுகிறார்கள், எதைக் கொண்டு வெட்டுகிறார்கள், கை தவறினால் என்ன ஆகும், கூலி யார் கொடுக்கிறார்கள்? இந்த நான்கு கேள்விக்கும் பதில் தெரிந்துவிட்டால் சக்தி தானாக வந்து உட்காரும். பதில் தெரியாமல் சக்தியை மட்டும் எழுதினால், எந்தக் கஷ்டம் வந்தாலும் ஒரு தகட்டை நீட்டித் தப்பிக்கிற கதாநாயகன்தான் கிடைப்பான். அவனைப் பற்றி யாருக்கும் கவலை வராது.

செம்பு சொல்லிக்கொடுத்த விதி

அப்பா பாத்திரத்தில் பேர் வெட்டுவதோடு, கேட்டவர்களுக்குச் செப்புத் தகட்டில் எந்திரமும் எழுதிக் கொடுத்தார். அந்த வேலை உங்களுக்குத் தெரிந்திருந்தால் பாதிக் கதை கிடைத்த மாதிரி. அதனால் கொஞ்சம் நிதானமாகவே சொல்கிறேன்.

தகடு எடைக்கு வரும். வந்ததும் புளியும் உப்பும் போட்டுத் தேய்க்க வேண்டும். கருத்த முகம் போய் இளஞ்சிவப்பு எழும்பும். அப்புறம் தணலில் வைத்து மங்கலான சிவப்பு வரும்வரை காய்ச்சித் தண்ணீரில் முக்க வேண்டும். எஃகைப் பழுக்கக் காய்ச்சி முக்கினால் இறுகும். செம்பு அதற்கு நேர்மாறு, இளகிவிடும். விரலால் வளைக்கலாம் போல இருக்கும். ஆனால் அதன்மேல் உளி விழ விழ, சுத்தியல் அடி பட பட, அது மறுபடியும் இறுகிக்கொண்டே போகும். ஒரு கட்டத்துக்கு மேல் உளி வழுக்கும், தகடு விளிம்பில் விரியும். அப்போது திரும்ப நெருப்பில் போட வேண்டும். நெருப்பில் போட்டால் அதுவரை தேய்த்து ஏற்றிய பளபளப்பு போய்விடும்.

இதைத்தான் நான் அப்படியே கீற்றுக்காரர்களின் முதல் விதியாக வைத்தேன். குறியில் ஒவ்வொரு கோடும் தகட்டை இறுக்குகிறது. ஒரே மூச்சில் இத்தனை கோடுதான் போட முடியும். அதற்குமேல் போட வேண்டுமென்றால் நெருப்புக்குப் போக வேண்டும், நெருப்பு ஏற்கெனவே வெட்டிய கோடுகளின் வீரியத்தில் கொஞ்சத்தைத் தின்றுவிடும். ஆகவே பெரிய குறி வெட்டுகிறவள் எங்கே நிறுத்துவது, எதை விட்டுக்கொடுப்பது என்று முடிவெடுத்தே ஆக வேண்டும். கதையில் எனக்கு மிகவும் பிடித்த காட்சிகள் எல்லாம் இந்த ஒரு விதியிலிருந்து வந்தவை. நான் கண்டுபிடித்ததே இல்லை, செம்பு அப்படித்தான் நடந்துகொள்கிறது.

தகட்டை வெறும் பலகையில் வைத்து வெட்டினால் துள்ளும். குங்கிலியமும் செங்கல் தூளும் எண்ணெயும் சேர்த்துக் காய்ச்சிய அரக்கின்மேல் பதித்துவிட்டு வெட்டினால் அடியை வாங்கிக்கொள்ளும். அந்த வாசனை அப்பாவின் சட்டையில் எப்போதும் இருந்தது. உங்கள் கூட்டத்தாருக்கும் ஒரு வாசனை கொடுங்கள். இருட்டில் ஒருவன் கதவைத் தட்டும்போது, அவன் யார் என்பது முகம் தெரிவதற்கு முன்பே மூக்குக்குத் தெரியட்டும்.

நீங்கள் செம்பையே எடுக்க வேண்டியதில்லை. பனையோலை எடுத்தால் வேறு விதிகள் வரும். எழுத்தாணியால் ஓலையில் கீறும்போது எழுத்து கண்ணுக்குச் சரியாகத் தெரியாது. மேலே விளக்குக் கரியையோ இலைச்சாறு கலந்த மையையோ தடவித் துடைத்தால்தான் கீறலுக்குள் கறுப்பு தங்கி எழுத்து எழும்பும். ஓலை கிழியும் என்பதால் புள்ளியும் வைக்க மாட்டார்கள். இடத்தைப் பார்த்துத்தான் மெய்யா உயிர்மெய்யா என்று படித்துக்கொள்ள வேண்டும். மை தடவும் வரை தூங்கும் மந்திரம், புள்ளியில்லாததால் இரண்டு விதமாகப் படிக்கக்கூடிய மந்திரம் என்று யோசித்துப் பாருங்கள். ஒரு நாவலுக்குப் போதும்.

ஆனால் ஒன்று. எடுத்த பொருளின் கெட்ட குணத்தையும் சேர்த்து எடுக்க வேண்டும். என் கதையின் இரண்டாவது மாதத்திலேயே ஒரு பொடியன் கேட்டான், "அத்தை, ஐப்பசி மழையில எங்க வீட்டுக் கதவுத் தாப்பாளே துருப்பிடிக்குது. தகடு என்னா ஆகும்?" சரியான கேள்வி. செம்பு துருப்பிடிக்காது, களிம்பேறும். பனி இறங்குகிற ஊரில் வெளியே தொங்கவிட்ட தகடு சில வாரத்திலேயே மங்கும், நாளானால் பச்சை பூக்கும். சைவ சித்தாந்தம் பேசுகிறவர்கள் ஆணவ மலத்துக்கு உவமை சொல்லும்போது செம்பில் களிம்பு என்பார்கள். வெளியிலிருந்து வந்து ஒட்டிய அழுக்கு மாதிரி இல்லை, செம்போடு கூடவே இருப்பது என்று பொருள். அந்த உவமை என் கதைக்கு நேராகப் பொருந்தியது. கீற்றுக்காரர்கள் கட்டிய தகடுகள் மழைக்காலத்தில் மங்கும். மலை முழுக்க நடந்து போய் ஒவ்வொன்றாகத் தேய்த்துவிட்டு வருவதுதான் இளையவர்களின் வேலை. அவர்கள் கையில் எப்போதும் புளி இருக்கும். அந்தப் பொடியனின் கேள்வி இல்லையென்றால் என் கதையில் யாரும் நடக்கவே மாட்டார்கள், எல்லாரும் பட்டறைக்குள்ளேயே உட்கார்ந்திருப்பார்கள்.

நிறம் வேண்டுமா, வேங்கை மரத்தைப் பாருங்கள். பட்டையைக் கீறினால் இரத்தம் போல வடியும், காய்ந்தால் கறுக்கும். குழந்தைக்குத் திருஷ்டி படாமல் இருக்க வைக்கும் வேங்கைப் பால் பொட்டு அதிலிருந்துதான். குறிஞ்சி நிலத்து மரம், முருகனுக்கு உரிய மரம். நம் ஊரில் நெற்றியில் வைக்கிற பொட்டே ஒரு காவல் குறிதான் என்று பிள்ளைகளிடம் சொன்னபோது ஒருத்தி தன் தம்பியின் கன்னத்தைத் திருப்பிக் காட்டினாள்.

வாசகரும் போட்டுப் பார்க்கக்கூடிய குறி

குறி எப்படி இருக்கும் என்பதை வெறும் வார்த்தையில் 'விசித்திரமான கோடுகள்' என்று எழுதிவிட்டுப் போகாதீர்கள். படிக்கிறவர் ஒரு பென்சிலை எடுத்து, தானே போட்டுப் பார்க்க முடிய வேண்டும்.

அறுகோணத்தில் தொடங்குங்கள். கவராயத்தால் ஒரு வட்டம். கவராயத்தை விரித்த அளவு மாறாமல், வட்டத்தின் மேலேயே ஒரு புள்ளியில் ஊன்றி அடுத்த புள்ளியைக் குறித்துக்கொண்டே போனால் சரியாக 6 தடவை ஊன்றியதும் தொடங்கிய இடத்துக்கே வந்து நிற்கும். ஒன்று விட்டு ஒன்றைச் சேர்த்தால் ஒரு முக்கோணம், மீதி மூன்றைச் சேர்த்தால் தலைகீழாக இன்னொன்று. பழனி மலையைச் சுற்றியுள்ள ஊர்களில் இந்த உருவம் தெரியாத குழந்தை கிடையாது, சரவணபவ என்ற ஆறெழுத்தும் அதன் ஆறு முனையில்தான் இருக்கும். இதையும் கதையில் ஒரு விதியாக வைத்தேன். 6 ஊன்றலில் திரும்பி வந்து சேராத வட்டம் என்றால் கவராயம் நடுவில் நழுவியிருக்கிறது, குறி வேலை செய்யாது, தகடு உருகும் பானைக்குப் போக வேண்டியதுதான்.

அடுத்தது கட்டம். அப்பா முதலில் எனக்குக் கற்றுக்கொடுத்தது சூரியனுக்கான ஒன்பது கட்டம். மேல் வரிசையில் 6, 1, 8. நடுவில் 7, 5, 3. கீழே 2, 9, 4. எந்தப் பக்கம் கூட்டினாலும் 15, மூலைக்கு மூலை கூட்டினாலும் 15. எல்லாக் கட்டத்திலும் ஒவ்வொன்று கூட்டினால் வரிசை 18 ஆகும், அது சந்திரன். இன்னும் ஒவ்வொன்று, 21, செவ்வாய். இப்படியே மூன்று மூன்றாக ஏறிக் கேதுவுக்கு 39 வரும். ஒரே கட்டத்திலிருந்து ஒன்பது கிரகமும் பிறந்துவிடும். 1 முதல் 9 வரை வைத்து இந்தக் கட்டத்தை நிரப்ப, திருப்பியும் கவிழ்த்தும் பார்ப்பதைக் கழித்துவிட்டால் ஒரே ஒரு வழிதான் உண்டு. நடுவில் 5 தவிர வேறு எதுவும் உட்காராது. அதைப் பல ராத்திரி முயன்று பார்த்துத்தான் நம்பினேன்.

இது கதைக்கு எப்படி உதவியது என்றால், ஒரு வாரம் போலித் தகடு விற்கிற ஒருவனைக் கொண்டுவந்தேன். அவன் விற்ற தகட்டின் எண்களை மட்டும் சொல்லி நிறுத்திவிட்டேன். திண்ணையில் இருந்த ஒரு பெண் தரையில் சாக்பீஸால் எழுதிக் கூட்டிப் பார்த்துவிட்டு, "அத்தை, கடைசி வரிசை 16 வருது! அவன் கள்ளன்!" என்று கத்தினாள். என் கதையில் வருகிற பெரிய கீற்றுக்காரிக்கே அது இன்னும் தெரியாது. கேட்கிறவருக்குக் கதாபாத்திரத்துக்கு முன்பே தெரிந்துவிட்டால் எப்படிப்பட்ட பரபரப்பு வரும் என்பதை அன்றைக்குப் பார்த்தேன். விதி திறந்து கிடந்தால்தான் இது நடக்கும். மறைத்து வைத்த விதியால் வாசகரை ஆச்சரியப்படுத்தலாம், பதற வைக்க முடியாது.

ஒன்றை மட்டும் அழுத்திச் சொல்லிக்கொள்கிறேன். இந்த எந்திரங்கள் எத்தனையோ வீட்டுப் பூஜை அலமாரியில் இருப்பவை. ஸ்ரீசக்கரம் ஒன்பது முக்கோணம் வெட்டிக்கொண்டு 43 சிறு முக்கோணமாகப் பிரிவது, அதை ஒரு மயிரிழை பிசகாமல் வரைய எத்தனை பொறுமை வேண்டும் என்பது எனக்குத் தெரியும். அந்த வடிவத்தை அப்படியே தூக்கி வில்லன் கையில் கொடுப்பதை நான் செய்ய மாட்டேன், நீங்களும் செய்யாதீர்கள். வட்டமும் கோணமும் எண்ணும் எல்லாருக்கும் பொது. அட்சரம் கும்பிடுகிறவர்களுக்கு உரியது. என் கீற்றுக்காரர்கள் முனைகளில் எழுத்துக்குப் பதிலாக விதை வரைகிறார்கள். மிளகு, ஏலம், காப்பி, அவரை, சாமை, தேன்கூட்டின் ஒரு கண். கடைசியது விதை இல்லைதான், ஆனால் பிள்ளைகள் பிடிவாதமாகச் சேர்த்தார்கள்.

கூட்டம் என்றால் மனிதர்கள்

இவர்களுக்கு ஒரு மடமும் கறுப்பு அங்கியும் கொடுக்காதீர்கள். அது நம் மலையில் எங்கேயும் இல்லை. பேத்துப்பாறைப் பக்கம் குள்ளர் குகை என்று சொல்லும் கற்திட்டைகள் இருக்கின்றன, தாண்டிக்குடியிலும் உண்டு. அங்கேயே குடிவைக்கலாமே என்று எனக்கும் ஆசை வந்தது. ஆனால் அவை ஒரு காலத்து மனிதர்கள் தங்கள் செத்தவர்களுக்காக எழுப்பியவை. அதை என் கதைக்கு எடுத்துக்கொள்ள மனம் வரவில்லை. கீற்றுக்காரர் பட்டறையைக் காப்பி காயப்போடும் களத்துக்குப் பின்னால், ஓடு போட்ட ஒரு சாதாரண வீட்டில் வைத்தேன். முன்னால் கோழி மேயும். உள்ளே உலைத்துருத்தி.

படிநிலை வேண்டுமென்றால் வேலையிலிருந்து எடுங்கள். என் கதையில் முதலில் புளி தேய்க்கிறவர், அப்புறம் தணல் பார்க்கிறவர், அப்புறம் கோடு போடுகிறவர், கடைசியாகக் கண் திறக்கிறவர். சிலை செய்கிற ஸ்தபதிகள் எல்லா வேலையும் முடிந்து கடைசியில்தான் கண்ணைத் திறப்பார்கள். அந்த ஒரு கோட்டுக்கு முன்புவரை அது உலோகம். குறியிலும் கடைசிக் கோடு ஒன்றை மிச்சம் வைப்பது என்ற வழக்கத்தை அங்கிருந்து எடுத்தேன். பதற்றமான இடத்தில் முடிக்காத தகடு ஒன்றைக் கதாபாத்திரத்தின் மடியில் வைத்துப் பாருங்கள், எத்தனை பக்கம் வேண்டுமானாலும் ஓடும்.

பயிற்சிக் காலத்துக்கு இந்த மலையே கணக்கு வைத்திருக்கிறது. குறிஞ்சி 2006இல் பூத்தது, 2018இல் பூத்தது, அடுத்தது 2030. இந்த மலையின் பழங்குடிகளான பளியர்கள் ஒரு காலத்தில் குறிஞ்சி பூத்ததை வைத்து வயது சொல்வார்கள் என்று இங்கே பேச்சு உண்டு. என் கீற்றுக்காரர்கள் ஒரு பூப்பில் சேர்ந்தால் அடுத்த பூப்பில்தான் கண் திறக்கலாம். 12 வருஷம். ஒரு பெண் பத்தாவது வருஷத்தில், அவசரத்துக்கு, கண் திறந்துவிடுகிறாள். கதையின் நடுத்தூண் அதுதான்.

இரகசியப் பேச்சுக்கு அந்நிய மொழி மாதிரி சத்தங்களைக் கோத்துக் கஷ்டப்படாதீர்கள். குழூஉக்குறி என்று பள்ளிக்கூடத்தில் படித்தது நினைவிருக்கிறதா? பொற்கொல்லர் பொன்னைப் பறி என்பார்கள், வேடர் கள்ளைச் சொல்விளம்பி என்பார்கள். ஒவ்வொரு தொழிலுக்கும் இப்படி உண்டு. என் கூட்டத்தில் நெருப்புக்குப் பேர் 'மறதி'. ஏனென்றால் அது வெட்டியதை மறக்கவைக்கும். 'மறதியில போடு' என்று ஒரு பாட்டி சொன்னால் வெளியாளுக்கு ஒன்றும் புரியாது, நம் பிள்ளைகளுக்குப் புரிந்துவிடும். இந்தச் சொற்கள் 5, 6க்கு மேல் வேண்டாம். நான் ஒரு சமயம் 20 வரை கொண்டுபோனேன், கேட்கிறவர்கள் முகத்தில் களைப்பு தெரிந்தது, குறைத்துவிட்டேன்.

கூலியை மறக்காதீர்கள். மந்திரக் கதைகளில் இதைத்தான் விட்டுவிடுகிறார்கள். அப்பாவுக்கு எழுத்துக்கு இவ்வளவு என்று கணக்கு. அதனால் பேர் நீளமானவர்கள் இனிஷியலோடு நிறுத்தச் சொல்வார்கள். கீற்றுக்காரர்களுக்குக் கோட்டுக்கு இவ்வளவு. ஏழை ஒருத்தி தன் பூண்டு வயலைக் காட்டுப்பன்றியிடமிருந்து காக்க ஒரு தகடு கேட்டு வருகிறாள், கையில் இரண்டு கோட்டுக்குத்தான் காசு. இரண்டு கோட்டில் என்ன குறி போட முடியும்? அந்தக் கேள்விக்கு நான் மூன்று சனிக்கிழமை பதில் தேடினேன். கடைசியில் தகட்டின் விளிம்பையே மூன்றாவது கோடாகக் கொள்ளலாம் என்று என் கதையின் பாட்டி கண்டுபிடித்தாள்.

தவறுகள் எங்கே போகின்றன

இதை நீங்கள் கட்டாயம் முடிவு செய்ய வேண்டும். பிசகிய குறி வெடிக்கும், பேய் வரும் என்று எழுதுவது சுலபம். எங்கள் வாளியில் ஒன்றும் வெடிக்கவில்லை. புளி போட்டு வைக்க வசதியாக இருக்கிறது. ஆனால் 30 வருஷமாக ஒவ்வொரு நாளும் அந்த 'ல்' என் கண்ணில் படுகிறது, அதைப் பார்க்காமல் எனக்கு ஒரு குழம்பு கொதித்ததில்லை. அப்பா போன பிறகு அந்த எழுத்தைத் தடவிப் பார்ப்பதும் உண்டு.

ஆகவே என் கதையில் பிசகிய தகட்டை உருக்குவதா வேண்டாமா என்பதை வெட்டினவரே தீர்மானிக்க வேண்டும். உருக்கினால் கடன் தீர்ந்தது. உருக்காவிட்டால் அதை அவர் வாழ்நாள் முழுக்கத் தன் வீட்டில் வைத்திருக்க வேண்டும். அது தப்பாகவே வேலை செய்துகொண்டிருக்கும். மழையைத் தடுக்க வெட்டியது தூக்கத்தைத் தடுக்கும். நாயை நிறுத்த வெட்டியது விருந்தாளியை நிறுத்தும். கவராயம் நழுவியதையும் 6 ஊன்றலில் சேராததையும் உருக்கியே தீர வேண்டும் என்று முதலில் வைத்திருந்தேன் அல்லவா, பிள்ளைகள் அதை ஒத்துக்கொள்ளவில்லை. ஒவ்வொரு கீற்றுக்காரர் வீட்டிலும் ஒரு பிசகு தொங்கட்டும் என்று அவர்கள் கேட்டார்கள். அப்படியே மாற்றினேன். இப்போது ஒரு புதிய ஆளைக் கதையில் கொண்டுவர வேண்டுமென்றால், அவர் வீட்டுச் சுவரில் தொங்குவது என்ன என்று மட்டும் யோசிக்கிறேன். குணம் முழுக்க அதில் வந்துவிடுகிறது.

எங்கிருந்து தொடங்குவது

ஒரு பழைய செப்புச் சொம்போ தகடோ கிடைத்தால் ஒரு ஆணியால் நேராக ஒரு கோடு கீறிப் பாருங்கள். கை வலியும், முதல் கோடு எங்கே வழுக்கும் என்பதும் தெரியாமல் எழுத உட்காராதீர்கள். பிள்ளைகளோடு செய்தால் கண்ணுக்குத் தூசு படாமல் பார்த்துக்கொள்ளுங்கள்.

அப்புறம் முதல் காட்சி. போரிலோ தீர்க்கதரிசனத்திலோ தொடங்க வேண்டாம். காலை நேரம், பனி இன்னும் கலையவில்லை. மன்னவனூர்ப் பக்கமிருந்து ஒருத்தி முதல் பஸ்ஸில் வந்து இறங்குகிறாள். முந்தானையில் முடிந்து வைத்திருந்த தகட்டை அவிழ்த்துத் திண்ணையில் வைக்கிறாள். பச்சைப் பசேலென்று களிம்பு, குறி தெரியவில்லை. அவளுடைய பாட்டி காலத்தில் கட்டியது. எதற்காகக் கட்டினார்கள் என்று வீட்டில் யாருக்கும் ஞாபகமில்லை, ஆனால் போன வாரம் அது தானாகக் கீழே விழுந்தது என்கிறாள். பட்டறையில் இருக்கும் சின்னப்பெண் இன்னும் எதையும் வெட்ட அனுமதி இல்லாதவள். அவளால் செய்ய முடிந்தது ஒன்றுதான். உள்ளே போய்ப் புளியை ஊறப்போடுகிறாள்.